அடிதடி கேஸ் அப்பீல்: கண்ணால பார்த்த சாட்சி அம்மா மட்டும்தான், ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டு (ஏ.ஆர்.) காப்பில "2 பேர்"னு இருக்கு. தீர்ப்பு நிக்குமா?

வரப்போரம்:

எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமா எழுதறேன், பொறுத்துக்கங்க. எங்களுக்கு தஞ்சாவூர் பக்கம் ஒரு கிராமம். 2019 செப்டம்பர்ல வாய்க்கா மடை திருப்புற தகராறுல எங்கப்பாவை பங்காளி வீட்டு ஆளுங்க நாலு பேர் சேர்ந்து அடிச்சுட்டாங்க. சாயங்காலம் ஏழு மணி சுமார் இருக்கும், மோட்டார் கொட்டகைகிட்ட. ஒருத்தன் இரும்பு பைப்பால இடது முழங்கைக்குக் கீழ போட்டான், ரெண்டாவது ஆளு மம்பட்டிக் காம்பால முதுகுல, மத்த ரெண்டு பேரும் கீழ தள்ளி மிதிச்சாங்க. கை எலும்பு முறிஞ்சு பிளேட் வச்சோம். இப்பவும் அப்பாவால இடது கையால ஒரு நாத்துக்கட்டைக்கூட தூக்க முடியல.

ஜே.எம். (மாஜிஸ்ட்ரேட்) கோர்ட்ல போன வருஷம் தீர்ப்பு ஆச்சு. முதல் எதிரிக்கு (பைப்பால அடிச்சவன்) இ.பி.கோ. 326ல, அதாவது ஆயுதத்தால கொடுங்காயம், 2 வருஷம், ரெண்டாவது எதிரிக்கு 324ல, ஆயுதத்தால சாதா காயம், 1 வருஷம், மூணு நாலுக்கு 323ல, ஆயுதம் இல்லாம அடிச்சது, 3 மாசம். உடனே செஷன்ஸ் கோர்ட்ல அப்பீல் போட்டு தண்டனையை நிறுத்தி வச்சு வெளிய வந்துட்டாங்க, இப்ப அது வாதத்துக்கு வந்திருக்கு.

அவங்க சொல்றது என்னன்னா, அடிபட்ட அப்பாவும் பக்கத்துல நின்ன அம்மாவும் தவிர சாட்சி யாரும் இல்ல, ரெண்டு பேரும் ஒரே குடும்பம். வேலைக்கு வந்த ஆளும் டீக்கடைக்காரரும் கோர்ட்ல பிறழ் சாட்சி ஆயிட்டாங்க, போலீஸ்ல சொன்னதை மாத்திட்டாங்க. அப்பா பைப்பால ஒரு அடின்னு சொல்லியிருக்கார், அம்மா ரெண்டு அடின்னு சொல்லிட்டாங்க. அம்மா போலீஸ்ல கொடுத்த வாக்குமூலத்துல "மிதிச்சாங்க"ங்கற வார்த்தையே இல்லையாம். எல்லாத்துக்கும் மேல ஆஸ்பத்திரி ஏ.ஆர். காப்பில "தெரிந்த நபர்கள் 2 பேர்"னு எழுதியிருக்காம், எஃப்ஐஆர்ல நாலு பேர். ஊர்ல எல்லாரும் "ஒரே சாட்சி, அதுவும் பொண்டாட்டி, அப்பீல்ல நிக்கவே நிக்காது"ங்கறாங்க. அம்மா ராத்திரி தூங்கறதே இல்ல, நான்தான் தப்பா சொல்லிக் கெடுத்துட்டேனோன்னு அதையே திரும்பத் திரும்பக் கேட்டுட்டு இருக்காங்க. அம்மாவை மறுபடி கோர்ட்ல ஏத்தி ரெண்டு அடி இல்ல ஒண்ணுதான்னு சொல்ல வைக்க முடியுமா? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.


வேப்பமரத்தடி:

தம்பி, நான் இருபது வருஷத்துக்கு மேல கிரிமினல் பக்கம் பிராக்டிஸ் பண்றேன். முதல்ல அம்மாகிட்ட போய் ஒண்ணு சொல்லுங்க, அவங்க எதையும் கெடுக்கல.

"ஒரே சாட்சி நிக்காது"ங்கறது ஊர்ப் பேச்சு, சட்டம் அப்படிச் சொல்லல. சாட்சியச் சட்டம் 134 என்ன சொல்லுதுன்னா எந்த ஒரு விஷயத்தை நிரூபிக்கவும் இத்தனை சாட்சி வேணும்னு கணக்கு கிடையாது (புது சட்டத்துல இது 139, உங்க கேஸ் பழசுங்கறதால 134தான்). இதை சுப்ரீம் கோர்ட் விளக்கமா சொன்னதே நம்ம ஊர் கேஸ்ல, 1957, வடிவேலு தேவர் எதிர் சென்னை மாநிலம். கொலைக் கேஸ், தூக்கு தண்டனை, முக்கியமா நின்னது செத்தவரோட மனைவி ஒருத்தங்க சாட்சியம் மட்டும்தான். அப்பவும் தண்டனை நின்னுச்சு. சாட்சியை மூணு வகையா அந்தத் தீர்ப்புல பிரிச்சாங்க: முழுசா நம்பலாம், முழுசா நம்ப முடியாது, ரெண்டுக்கும் நடுவுல. முதல் வகைன்னா ஒருத்தர் போதும். ரெண்டாவதுன்னா பத்து பேர் வந்தாலும் பிரயோஜனம் இல்ல. மூணாவது வகைக்குத்தான் வேற எதாவது முட்டு வேணும், அது இன்னொரு ஆள் வாய்லேர்ந்துதான் வரணும்னு இல்ல, காயமாவோ சூழ்நிலையாவோ ஒரு காகிதமாவோ இருக்கலாம். இன்னொண்ணும் அதுலயே இருக்கு, எண்ணிக்கையைக் கட்டாயமாக்கினா காசு கொடுத்து சாட்சி தயார் பண்றதைத்தான் கோர்ட் ஊக்குவிச்ச மாதிரி ஆயிடும்னு. ஊர்ல பாதி பேர் எதிராளி பக்கம், மீதி பேர் வம்பு எதுக்குன்னு ஒதுங்குறவங்கன்னா உண்மையா அடிபட்டவன் எங்க போவான்?

அப்புறம் உங்க கேஸ்ல ஒரு சாட்சின்னு சொல்றதே தப்பு. அப்பாவும் சாட்சிதான், அதுவும் காயம்பட்ட சாட்சி. காயமே அவர் அந்த இடத்துல இருந்தார்ங்கறதுக்கு அத்தாட்சி, தன்னை அடிச்சவனை விட்டுட்டு சம்பந்தமில்லாதவன் பேரை சாதாரணமா யாரும் சொல்ல மாட்டாங்கங்கறதால அதுக்குத் தனி எடை உண்டு. 2010ல அப்துல் சயீத் கேஸ்லயும் 2023ல பாலு சுதாம் கால்டே கேஸ்லயும் சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவா சொல்லியிருக்கு. சொந்தக்காரர் சாட்சின்னா பொய்ங்கற வாதத்தை 1953லயே தலீப் சிங் கேஸ்ல தள்ளிட்டாங்க.

ஒரு அடியா ரெண்டு அடியாங்கறதுக்கு நான் கவலையே பட மாட்டேன். 1983ல பர்வாடா போகின்பாய் கேஸ்ல சொன்னது இன்னிக்கும் எல்லா கோர்ட்லயும் எடுத்துக் காட்டுறோம், மனுஷனுக்கு போட்டோ மாதிரி ஞாபகம் இருக்காது, மனசுல வீடியோ டேப் ஓடற மாதிரி எதிர்பார்க்கக் கூடாதுன்னு. கண்ணு முன்னால புருஷனை அடிக்கும்போது எந்தப் பொண்டாட்டி அடியை எண்ணிக்கிட்டு நிப்பா. ரெண்டு பேரும் அச்சு மாறாம ஒரே மாதிரி சொல்லியிருந்தாதான் சொல்லிக் கொடுத்த பாடம்னு எனக்கே சந்தேகம் வந்திருக்கும்.

அம்மாவை மறுபடி ஏத்தறதை மறந்துடுங்க. அப்பீல் ஏற்கனவே இருக்கற காகிதத்து மேலதான் ஓடும். குற்றவியல் நடைமுறைச் சட்டம் 391ல (புது சட்டத்துல 432) கூடுதல் சாட்சியம் எடுக்க வழி இருக்கு, ஆனா சொன்னதை மாத்திச் சொல்றதுக்கு அதைப் பயன்படுத்த விட மாட்டாங்க, கேட்டாலே உங்க பக்கம் சந்தேகம்தான் வரும்.

நான் கவலைப்படுறது வேற ரெண்டு விஷயத்துக்கு. ஒண்ணு அந்த ஏ.ஆர். காப்பி. இன்னொண்ணு, எலும்பு முறிவுக்கு எக்ஸ்ரே பிலிம் கோர்ட்ல ஆவணமா மார்க் ஆச்சா? காயச் சான்றுல வெறுமனே "கொடுங்காயம்"னு டாக்டர் எழுதி, எக்ஸ்ரேயும் வராம எக்ஸ்ரே பார்த்த டாக்டரும் வராம போன கேஸ்ல அப்பீல் கோர்ட் 326ஐ 324ஆ இறக்கினதை நானே பார்த்திருக்கேன். பார்த்துட்டு சொல்லுங்க.


தெற்குத்தெரு:

நான் அந்தப் பக்கத்துலேர்ந்து பேசறேன், கோவிச்சுக்காதீங்க. எங்க அண்ணன் இதே மாதிரி ஒரு கேஸ்ல மூணாவது எதிரி. அடிச்சது எங்க சித்தப்பா பசங்க ரெண்டு பேர், அதை நாங்க இல்லன்னே சொல்லல. ஆனா புகார் எழுதும்போது குடும்பத்துல வயசுப் பையன் யார் யார் இருக்காங்களோ எல்லார் பேரையும் சேர்த்துட்டாங்க. அண்ணன் அன்னிக்கு திருப்பூர்ல கம்பெனி ஷிப்ட்ல இருந்தான். கீழ் கோர்ட்ல அது எடுபடல, காயம்பட்ட சாட்சி சொல்றார் நம்பறேன்னு ஒரே வரியில முடிஞ்சு போச்சு. மூணரை வருஷம் அலைஞ்சோம், பாஸ்போர்ட் கிடைக்கல, பொண்ணு பார்க்க வந்தவங்க கேஸ் இருக்குன்னு திரும்பிப் போனாங்க. அப்பீல்லதான் விடுதலை. காப்பாத்தினது என்ன தெரியுமா, ஏ.ஆர். காப்பில இருந்த "2 நபர்கள்"ங்கற அந்த ஒரு வார்த்தைதான்.

அதனால காயம்பட்ட சாட்சின்னா தனி எடைன்னு சொல்லும்போது கொஞ்சம் பார்த்து சொல்லுங்க சார். காயம் ஒருத்தர் அங்க இருந்தார்னுதான் காட்டும், யார் யார் அடிச்சாங்கன்னு காயம் பேசாது. நிஜமாவே ரெண்டு பேர் அடிச்சு, அந்தக் கோவத்துல இன்னும் ரெண்டு பேரை சேர்த்துச் சொல்றது நம்ம ஊர்ல நடக்காததா?

தம்பி, உங்க அப்பா அப்படி செஞ்சார்னு நான் சொல்லல. ஆனா ஆஸ்பத்திரில 2, ராத்திரி எஃப்ஐஆர்ல 4னா நடுவுல அந்த ரெண்டு பேர் எப்படி வந்தாங்கன்னு கோர்ட் கேட்கத்தான் செய்யும், கேட்கவும் வேணும்.


வேப்பமரத்தடி:

தெற்குத்தெரு சொன்னது முழுக்க நியாயம், நான் விட்டுட்டேன். நம்ம நாட்டுல ஒரு விஷயத்துல பொய்ன்னா எல்லாமே பொய்ங்கற விதி கிடையாது, நிசார் அலி கேஸ்ல 1957லயே அதை சொல்லிட்டாங்க. நெல்லையும் பதரையும் பிரிச்சுப் பார்க்கறது கோர்ட் வேலை. அதுக்கு மறுபக்கமும் இருக்கு, பிரிக்கும்போது மூணாவது நாலாவது எதிரிக்கு எதிரா தனியா எதாவது முட்டு இருக்கான்னு பார்த்துதான் ஆகணும். கொலை, அடிதடி எதுலயும் அதிகமா பேர் சேர்க்கற வழக்கம் இருக்கறது ஜட்ஜுங்களுக்கு நல்லாத் தெரியும்.

அதனால தம்பி நாலு பேருக்கும் சேர்த்து ஜெயிக்குமா தோக்குமான்னு கேட்காதீங்க. ஒவ்வொரு எதிரிக்கும் ஒரு தனி கேஸ்னு நினைச்சுப் பாருங்க. முதல் எதிரி: பைப்பு, இடது கை, எலும்பு முறிவு. அப்பா வாய், அம்மா வாய், டாக்டர் காகிதம் மூணும் ஒரே இடத்துல வந்து நிக்குது. இது உறுதியா இருக்கு. ரெண்டாவது: முதுகுல கன்றிப்போன காயம்னு சான்றுல இருந்தா அதுவும் நிக்கும். மூணு நாலு: மிதிச்சதுக்குக் காயம் எதாவது டாக்டர் எழுதியிருக்காரா? அம்மா போலீஸ்ல கொடுத்த 161 வாக்குமூலத்துலயும் மிதிச்சது இல்ல, ஏ.ஆர்.லயும் 2 பேர்தான்னா அந்த ரெண்டு பேர் விஷயத்துல அம்மாவோட சாட்சியம் நான் சொன்ன மூணாவது வகைக்குப் போயிடும், முட்டு தேடும், கிடைக்கலன்னா சந்தேகத்தோட பலன் அவங்களுக்கு. அதுக்காக அம்மா பொய் சொன்னாங்கன்னு தீர்ப்புல வராது.

இன்னொரு விஷயம், "வாக்குமூலத்துல இல்ல"ன்னு அவங்க வாதாடணும்னா அதை முறையா நிரூபிச்சிருக்கணும். குறுக்கு விசாரணைல அம்மாகிட்ட அந்த இடத்தைச் சுட்டிக் காட்டி கேட்டிருக்கணும், அப்புறம் ஐ.ஓ. (கேஸை விசாரிச்ச போலீஸ் அதிகாரி) கூண்டு ஏறினப்ப "இந்த சாட்சி உங்ககிட்ட இப்படி சொல்லல"ன்னு கேட்டு அவர் வாயால வாங்கியிருக்கணும். அம்மா ஒத்துக்காதப்ப அம்மாகிட்ட மட்டும் கேட்டுட்டு ஐ.ஓ.கிட்ட கேட்காம விட்டுட்டா அந்த முரண் ரெக்கார்டுலயே இல்ல. ஐ.ஓ. சாட்சியத்தை வரி விடாம படிங்க.


காஷுவாலிட்டி நைட்:

நான் அரசு ஆஸ்பத்திரில பல வருஷம் காஷுவாலிட்டி (அவசரப் பிரிவு) டியூட்டி பார்த்த டாக்டர். ஏ.ஆர். புக் எப்படி எழுதறோம்னு சொன்னா உங்களுக்கு உபயோகப்படும்னு நினைக்கறேன்.

ராத்திரி எட்டு ஒன்பது மணின்னா ஒரே நேரத்துல ரெண்டு பைக் ஆக்சிடென்ட், ஒரு பாம்புக்கடி, ஒரு விஷம் குடிச்ச கேஸ் வந்து நிக்கும். அடிதடி கேஸ் வந்தா முதல்ல ரத்தத்தை நிறுத்தறது, பிபி பார்க்கறது, கையை ஆடாம கட்டறது. அதுக்கு நடுவுலதான் ஏ.ஆர். நோட்டு. அதுல பேர், வயசு, வந்த நேரம், யார் கூட்டிட்டு வந்தாங்க, நினைவோட இருக்காரா, அப்புறம் எப்படி நடந்துச்சுன்னு ஒரு வரி: எங்க, எத்தனை மணிக்கு, எதால, தெரிஞ்சவங்களா தெரியாதவங்களா, எத்தனை பேர். கீழ காயங்கள், சென்டிமீட்டர் கணக்குல. அந்த ஒரு வரியை யார் சொல்றாங்கங்கறதுலதான் எல்லாமே இருக்கு. பாதி நேரம் நோயாளி வலியில முனகிட்டு இருப்பார், கூட வந்தவர்தான் படபடன்னு சொல்லுவார், நாங்க எழுதிடுவோம். அந்தக் கூட வந்தவர் சம்பவத்தைப் பார்க்காத ஆளாவும் இருக்கலாம், வழியில கேட்டதைச் சொல்றவரா இருக்கலாம்.

எத்தனை பேர் அடிச்சாங்கன்னு விசாரிச்சு உறுதி பண்றது எங்க வேலை இல்ல, எங்க வேலை வைத்தியம். கோர்ட்ல என்னை எத்தனையோ தடவை ஏத்தியிருக்காங்க, "இரண்டு நபர்கள் என்று எழுதியது உங்கள் கையெழுத்துதானே"ன்னு மட்டும் கேட்பாங்க, ஆமான்னு சொல்லுவேன், இறக்கிடுவாங்க. யார் சொல்லி எழுதினீங்கன்னு அரசுத் தரப்புல மறு விசாரணை பண்ணிக் கேட்டது ரொம்ப அபூர்வம். கேட்டிருந்தா சொல்லியிருப்பேன்.

உங்க அப்பாவை யார் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனாங்க?


வரப்போரம்:

எல்லாருக்கும் நன்றி. தெற்குத்தெரு அண்ணா, கோவம் இல்ல. உங்க அண்ணனுக்கு நடந்ததைப் படிச்சப்போ கஷ்டமாத்தான் இருந்துச்சு. ஆனா எங்க கேஸ்ல நாலு பேர் நிஜம், அம்மா அதுல ஒரு நாளும் மாறினதில்ல.

டாக்டர் கேட்டதுக்கு பதில்: கூட்டிட்டுப் போனது எங்க தாய்மாமா. அவர் சம்பவத்தப்போ அங்க இல்ல, சத்தம் கேட்டு பக்கத்து ஊர்லேர்ந்து வண்டியில வந்து அப்பாவை நடுவுல உட்கார வச்சு கூட்டிட்டுப் போனார். அம்மா ஆஸ்பத்திரிக்கு அப்புறம் பஸ்லதான் வந்தாங்க. மாமாகிட்ட நேத்து கேட்டேன், டாக்டர்கிட்ட யார் பேசினதுன்னு, "நான்தான் பேசினேன், மச்சானுக்கு மயக்கமா வந்துட்டு இருந்துச்சு, பைப்பு வச்சிருந்தவனையும் கம்பு வச்சிருந்தவனையும் சொன்னேன்"ங்கறார். மாமாவை கேஸ்ல சாட்சியாவே போடல.

எக்ஸ்ரே பார்த்தேன், தீர்ப்புல அ.சா.ஆ.5னு (அரசுத் தரப்பு ஆவணம் 5) எக்ஸ்ரே பிலிம் மார்க் ஆகியிருக்கு, எக்ஸ்ரே டாக்டரும் வந்திருக்கார். இருட்டு பத்தியும் அப்பீல்ல போட்டிருக்காங்க, ஏழு மணிக்கு எப்படிப் பார்த்தீங்கன்னு. மோட்டார் கொட்டகை வாசல்ல ஒரு குண்டு பல்பு எப்பவும் எரியும், அம்மா சாட்சியத்துல அதை சொல்லியிருக்காங்க. ஆனா சம்பவ இடத்தைப் பார்த்து போலீஸ் எழுதின பார்வை மகஜர்ல பல்பு பத்தி ஒண்ணும் எழுதல.


வேப்பமரத்தடி:

எக்ஸ்ரே இருக்கா, அப்ப 326 நல்லா நிக்கும்.

பல்பு விஷயம்: போலீஸ் வரைஞ்ச சம்பவ இடத்து மாதிரி வரைபடத்தையும் பாருங்க. மகஜர்ல விட்டுட்டு வரைபடத்துல மின்கம்பத்தையோ மோட்டார் கொட்டகையையோ குறிச்சிருப்பாங்க. அதுவும் இல்லன்னாலும் இது பங்காளி கேஸ், தினம் பார்த்த முகம், பேசின குரல், நடை. முன்பின் தெரியாத ஆளை இருட்டுல அடையாளம் காட்டறதும் சித்தப்பா மகனை அடையாளம் காட்டறதும் ஒண்ணு இல்ல.

பிறழ் சாட்சி ஆன ரெண்டு பேரோட சாட்சியத்தையும் முழுசா படிங்க. மாறிட்டாங்கங்கறதால அவங்க சொன்னது எல்லாமே குப்பைக்குப் போகாது. டீக்கடைக்காரர் "அடிச்சதை நான் பார்க்கல, ஆனா அன்னிக்கு சாயங்காலம் அங்க சத்தம் கேட்டுச்சு, அப்பாவை ரத்தத்தோட தூக்கிட்டுப் போனாங்க"ன்னு ஒரு வரி விட்டிருந்தா போதும், நேரத்துக்கும் இடத்துக்கும் அது முட்டு.

எஃப்ஐஆர் எத்தனை மணிக்குப் போட்டது, அது மாஜிஸ்ட்ரேட் கைக்கு எப்ப போச்சுன்னும் பாருங்க, அதுல ஜட்ஜ் கையெழுத்துக்குக் கீழ நேரம் இருக்கும். 1972ல துலியா காளி கேஸ்னு நம்ம தமிழ்நாட்டுக் கேஸ் ஒண்ணு, ஸ்டேஷன் ரெண்டு மைல்லதான், புகார் போனது 20 மணி நேரம் கழிச்சு, அந்த நேரத்துல கதை வளர்ந்திருக்கலாம்னு சுப்ரீம் கோர்ட் எதிரியை விட்டுடுச்சு. உங்களது அன்னிக்கு ராத்திரியேன்னா பயம் இல்ல, ஆஸ்பத்திரிலேர்ந்து தகவல் போய் ஏட்டு வந்து வாக்குமூலம் வாங்கறதுக்கு ஆகற நேரத்தை எல்லா கோர்ட்டும் ஏத்துக்கும்.

இப்ப மாமா விஷயம். மாமா சொன்னது உண்மையா இருக்கலாம், ஆனா அவர் ரெக்கார்டுல இல்ல. அவரை அப்பீல்ல சாட்சியா கொண்டு வாங்கன்னு கேட்டா, ஓட்டையை அடைக்கறீங்கன்னு எதிர்த்தரப்பு சொல்லும், கோர்ட்டும் பெரும்பாலும் ஒத்துக்காது. அதனால ரெக்கார்டுல ஏற்கனவே இருக்கறதைத் தேடுங்க. ஏ.ஆர். காப்பிலயே "அழைத்து வந்தவர்"னு ஒரு இடம் இருக்கும்னு டாக்டர் சொன்னாரே. அதுல மாமா பேர் இருந்தா, அது மார்க் ஆன ஆவணம், அதை வச்சே பி.பி. (அரசு வக்கீல்) வாதாடலாம்: பார்க்காத ஆள் சொன்னதை டாக்டர் எழுதியிருக்கலாம், அப்பா சொன்னார்ங்கறதுக்கு ஆதாரம் இல்லன்னு.


தெற்குத்தெரு:

அதே காப்பில "நோயாளி நினைவுடன் இருக்கிறார்"னும் எழுதியிருந்தா அப்பாவே சொன்னதுன்னு எங்க வக்கீல் மாதிரி ஆள் பிடிச்சுப்பாங்க. எங்க கேஸ்ல அப்படித்தான் நடந்துச்சு. அதையும் சேர்த்துப் பாருங்க தம்பி. உங்களுக்கு எதிரா சொல்லல, வாதத்தன்னிக்கு தெரிஞ்சுக்கறதை விட இப்பவே தெரிஞ்சுக்கறது நல்லது.


வேப்பமரத்தடி:

சரியா சொன்னார். ரெண்டும் ஒரே காகிதத்துல இருந்தா மூணு நாலாவது எதிரி விஷயம் எப்படி வேணாலும் போகலாம், நான் பொய் நம்பிக்கை கொடுக்க மாட்டேன்.

ஒரு நடைமுறை விஷயம். அப்பீல்ல உங்க பக்கம் வாதாடறது அரசு வக்கீல். நீங்க தனி வக்கீல் வச்சுக்கலாம், அவர் பி.பி.க்கு உதவி பண்ணலாம், கோர்ட் அனுமதியோட எழுத்து மூலமா வாதம் கொடுக்கலாம், தானா நின்னு கேஸ் நடத்த முடியாது. காசு கஷ்டம்னா மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்க, 15100க்கு போன் பண்ணாலும் சொல்லுவாங்க. பி.பி.க்கு ஒரு நாளைக்கு பத்து அப்பீல் இருக்கும், உங்க கேஸ் கட்டை அன்னிக்குக் காலையிலதான் பிரிப்பார், நான் குறை சொல்லல, வேலைப் பளு அப்படி. நீங்க ஒரே ஒரு பக்கத்துல, எந்தக் காயம் எந்த எதிரி, அதை அப்பா எங்க சொன்னார், அம்மா எங்க சொன்னாங்க, டாக்டர் எங்க சொன்னார்னு சாட்சியத்தோட பக்க எண் போட்டு எழுதி வாதத்துக்கு ஒரு வாரம் முன்னாடியே கையில கொடுங்க. நாலு பேர் பேரையும் தூக்கிப் பிடிக்கணும்னு முதல் ரெண்டு பேர் மேல இருக்கற உறுதியான கேஸை நீர்த்துப்போக விட்டுடாதீங்க.

மூணு நாலு விடுதலை ஆனா அம்மாவை முன்கூட்டியே தயார் பண்ணி வைங்க. அதை எதிர்த்து குற்றவியல் நடைமுறைச் சட்டம் 372ல (புது சட்டத்துல 413) பாதிக்கப்பட்டவரே அப்பீல் போடலாம், அது இருக்கு. ஆனா போடறதா வேணாமாங்கறதை தீர்ப்பைப் படிச்சுட்டு முடிவு பண்ணுங்க.


வரப்போரம்:

சார், நேத்து ராத்திரி அம்மாவுக்கு அவங்க சாட்சியத்தை முழுசா படிச்சுக் காமிச்சேன். தான் கோர்ட்ல என்ன சொன்னோம்னு அவங்களுக்கு இத்தனை நாளா யாரும் படிச்சே காட்டல. பல்பு வரியைக் கேட்டதும் "நான் சொன்னேன்ல, சொன்னேன்ல"ன்னு ரெண்டு தடவை கேட்டாங்க. மூணு நாலு பேர் வெளிய வரலாம்னு சொன்னப்போ ரொம்ப நேரம் ஒண்ணும் பேசல, அப்புறம் "பைப்பு வச்சிருந்தவன்?"னு மட்டும் கேட்டாங்க. அவன் தண்டனை நிக்கும்னு சார் சொல்றாருன்னேன்.

முதுகுல ரெண்டு இடத்துல கன்றின காயம்னு சான்றுல இருக்கு. இடுப்புல ஒரு சிராய்ப்பும் இருக்கு, அது மிதிச்சதாலயா விழுந்ததாலயான்னு டாக்டர் சாட்சியத்துல இருக்கான்னு இன்னும் படிக்கல. ஏ.ஆர். காப்பி, டாக்டர் சாட்சியம், ஐ.ஓ. சாட்சியம் மூணுக்கும் நகல் மனு போட்டாச்சு, வெள்ளிக்கிழமை வரச் சொல்லியிருக்காங்க. அழைத்து வந்தவர் இடத்துல யார் பேர் இருக்குன்னு வாங்கினதும் இங்க போடறேன்.